கேமரா வந்த திருவிழாவும் வராத திருவிழாவும்

பொங்கல் முடிந்த வாரத்தில் அதியமான்கோட்டைக்குப் போனால் சூளைகள் ஆறிக் கிடக்கும். கார்த்திகைக்கு அகல், தைக்குப் பொங்கல் பானை என்று ஓயாமல் சுற்றிய சக்கரங்கள் நின்றிருக்கும். விற்காமல் மிஞ்சிய பானைகளைத் திண்ணையோரம் கவிழ்த்து அடுக்கியிருப்பார்கள். சேலம் - தர்மபுரி நெடுஞ்சாலையில், தர்மபுரிக்குச் சற்று முன்னால் இருக்கும் இந்த ஊரை வெளியூர்க்காரர்கள் காலபைரவர் கோயிலால்தான் அறிவார்கள். தேய்பிறை அஷ்டமியன்று சாம்பல் பூசணியில் விளக்கேற்ற எங்கிருந்தெல்லாமோ வந்து இறங்குவார்கள்.

அந்த அஷ்டமிக்கு மூன்று நாள் முன்னால் பஞ்சமி. தை மாதத்துத் தேய்பிறைப் பஞ்சமி என்றால் திருவையாற்றில் தியாகராஜ ஆராதனை. இரண்டு ஊருக்கும் நடுவே இருநூறு கிலோமீட்டருக்குக் குறையாத தூரம். ஒகேனக்கல்லில் விழுந்து ஓடும் காவிரிதான் திருவையாற்றுப் படித்துறையையும் நனைக்கிறது என்பதைத் தவிர, இரண்டுக்கும் எந்தச் சம்பந்தமும் இருந்ததில்லை. தொலைக்காட்சி வரும்வரை.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் ஒரு தை மாதக் காலை. அதியமான்கோட்டையில் என் அத்தை வீட்டுக்கு இரண்டு வீடு தள்ளி, மரக்கதவு போட்ட பெட்டிக்குள் ஒரு கறுப்பு வெள்ளை டிவி. கூரைமேல் ஒருவர் ஆன்டெனாவைத் திருப்ப, கீழே ஒருவர் "வந்துச்சு… போச்சு… இப்ப வந்துச்சு" என்று குரல் கொடுக்க, புள்ளிகளுக்கு நடுவே தூர்தர்ஷனில் திருவையாறு தெரிந்தது. மணலில் வரிசை வரிசையாகச் சம்மணமிட்ட வித்வான்கள். நெற்றி நிறைய விபூதியும் குங்குமமுமாகக் குன்னக்குடி வைத்தியநாதன். அத்தையின் கணவர், என் மாமா, பானை வனைகிறவர். தெலுங்கும் புரியாது, ராகமும் தெரியாது. கடம் வாசிக்கிறவரைக் கேமரா காட்டும்போது மட்டும் கொஞ்சம் முன்னால் நகர்ந்து உட்காருவார். "நம்ம மண்ணுல அந்தச் சத்தம் வராது" என்றார். கடத்துக்கு மானாமதுரை மண்தான் பேர்போனது. அது எனக்குத் தெரிந்ததே பிற்பாடுதான்.

நேரலை முடிந்ததும் மாமா ஒரு கேள்வி கேட்டார். "இதெல்லாம் எடுத்து எங்கடா வெச்சிருப்பாங்க?"

எனக்குப் பதில் தெரியவில்லை. முப்பது வருடத்துக்கு மேலாகியும் அந்தக் கேள்வி என்னை விடவில்லை. ஒரு திருவிழாவைக் கேமரா எடுக்கும்போது எதை எடுக்கிறது, எதை விடுகிறது, எடுத்ததை யார் எங்கே வைக்கிறார்கள்? இதைத் தேடிக்கொண்டு போனால் சம்பந்தமே இல்லாத ஓர் ஆங்கில ஊரில்தான் முதலில் நிற்க வேண்டியிருக்கிறது.

சாரம் சரிந்த இரவு

1960ஆம் ஆண்டு ஜூலை 30, சனிக்கிழமை. இங்கிலாந்தின் ஹாம்ப்ஷயரில் பியூலி என்ற கிராமம். மாண்டேகு பிரபு தன் மாளிகைப் புல்வெளியில் 1956 முதல் நடத்திவந்த ஜாஸ் விழா. ராட்டினம் போல வடிவமைத்த மேடை. பிபிசி தன் கேமராக்களையும் விளக்குகளையும் கொண்டுவந்து நிறுத்தி, நாடு முழுக்க நேரலையாகக் காட்டிக்கொண்டிருந்தது.

கூட்டம் இரண்டு கட்சியாக இருந்தது. நியூ ஆர்லியன்ஸின் பழைய பாணியே ஜாஸ் என்பவர்கள் ஒரு பக்கம்; காலத்தோடு மாறிய நவீன ஜாஸைக் கேட்க வந்தவர்கள் மறுபக்கம். பழைய பாணிக்காரர்களின் செல்லப் பிள்ளை, கிளாரினெட் கலைஞர் ஆக்கர் பில்க். உற்சாகம் வெறியாயிற்று. மேடைக்கூரை மீதும் விளக்குச் சாரத்தின் மீதும் இளைஞர்கள் ஏறினார்கள். சாரம் சரிந்தது. பலர் காயப்பட்டார்கள். பிபிசி, குறித்த நேரத்துக்கு முன்பே ஒளிபரப்பை நிறுத்திக்கொண்டது. மறு ஆண்டோடு விழாவும் நின்றது. 'பியூலிப் போர்' என்றே அங்கே அதற்குப் பெயர்.

அன்று நம் நாட்டில் டெல்லியில் மட்டும் தொலைக்காட்சி இருந்தது. 1959 செப்டம்பர் 15இல் தொடங்கி, வாரத்தில் சில மணி நேரம், சோதனை முயற்சியாக. தினசரி ஒளிபரப்பே 1965இல்தான் வந்தது. தர்மபுரி அதுவரை தனி மாவட்டம்கூட இல்லை. 1965 அக்டோபர் 2இல்தான் சேலத்திலிருந்து பிரிந்தது.

இசைக்காகக் கட்சி கட்டுவது நமக்குப் புதிதில்லை. திருவையாற்றில் பெரிய கட்சி, சின்னக் கட்சி என்று இரண்டு அணி ஆண்டுக்கணக்கில் தனித்தனியே ஆராதனை நடத்தியது. பெண்கள் அங்கே பாட முடியாத காலம் அது. நகைகளையும் சொத்தையும் விற்றுத் தியாகராஜரின் சமாதிக்குக் கோயில் எழுப்பியவர் பெங்களூர் நாகரத்தினம்மாள். அந்தக் கோயிலிலேயே அவர் பாட அனுமதி இல்லை. விடவில்லை அவர். 1927 முதல் பெண்களைத் திரட்டிச் சமாதிக்குப் பின்புறம் தனியே பாடினார். 'பெண்கள் கட்சி' மூன்றாவதாகப் பிறந்தது. 1940களின் தொடக்கத்தில் மூன்றும் ஒன்றாயின. எல்லோரும் சேர்ந்தமர்ந்து தியாகராஜரின் பஞ்சரத்தினக் கீர்த்தனைகளைப் பாடும் இன்றைய முறையும் அந்த இணைப்பை ஒட்டி உருவானதுதான். இன்று டிவியில் நாம் பார்க்கும் அந்தக் காட்சி ஏதோ தியாகராஜர் காலத்திலிருந்து வருவதாக நினைக்கிறவர்கள் உண்டு. அவர் மறைந்தது 1847இல். காட்சிக்கு நூறு வயதுகூட ஆகவில்லை.

அந்தச் சண்டைக்கும் சமாதானத்துக்கும் கேமரா சாட்சி இல்லை. நாகரத்தினம்மாள் 1952இல் மறைந்தார். சமாதிக்கு எதிரே அவர் சிலை இருக்கிறது. அவர் அந்த மணலில் நின்று பாடியதைக் காட்ட ஒரு அடி சுருள்கூட என் கண்ணில் பட்டதில்லை. தமிழ் இசையைப் பற்றி எழுதுகிற ஒவ்வொரு முறையும் இது எனக்குத் தனிப்பட்ட நஷ்டமாகவே வலிக்கிறது.

எடின்பரோவுக்குப் போனவர்கள்

அறுபதுகளின் பிரிட்டிஷ் இசை விழா என்றால் ஜாஸும் ராக்கும்தான் பலருக்கு நினைவு வரும். லண்டன் ஹைட் பார்க்கில் 1969 ஜூலை 5 அன்று ரோலிங் ஸ்டோன்ஸ் வாசித்ததை கிரனாடா டிவி படமாக்கியது. அந்த நாளை இன்றும் யாரும் பார்க்கலாம். அதே பத்தாண்டில் அதே நாட்டு விழா மேடையில் நம்மவர்கள் ஏறியதை இங்கே எத்தனை பேர் அறிவார்கள்?

1963 எடின்பரோ விழாவில் எம்.எஸ். சுப்புலட்சுமி பாடினார். பாலசரஸ்வதி ஆடினார். 1965இல் லால்குடி ஜெயராமன் அங்கே வாசித்ததைக் கேட்டு, வயலின் மேதை யெஹூதி மெனுஹின் ஓர் இத்தாலிய வயலினையே அவருக்குப் பரிசளித்தார். தமிழ்நாட்டு ரசிகர்களுக்கு இதெல்லாம் பத்திரிகைச் செய்தியாக வந்தது, புகைப்படமாக வந்தது. அசைந்து வரவில்லை. சென்னையில் தொலைக்காட்சி நிலையம் தொடங்கியதே 1975 ஆகஸ்ட் 15 அன்றுதான்.

பாலசரஸ்வதியைச் சத்யஜித் ராய் படமெடுத்தது 1976இல். தமிழ்நாடு அரசும் பம்பாயின் தேசிய நிகழ்கலை மையமும் சேர்ந்து தயாரித்த 'பாலா'. அப்போது அவருக்கு வயது 58. எடின்பரோவில் ஆடியபோது 45. அந்தப் படத்தைப் பார்க்கும்போதெல்லாம் ராய்க்கு நன்றி சொல்லத் தோன்றும். உடனே அந்தப் பதின்மூன்று வருடத்தை எண்ணத் தோன்றும். கைக்குக் கிடைத்தது எவ்வளவு அரியது என்று பார்த்தால்தான் கிடைக்காமல் போனதன் அளவு தெரிகிறது.

கேமரா இருந்த இடத்திலும் எல்லாம் மிஞ்சவில்லை. வீடியோ நாடா விலை உயர்ந்த பொருளாக இருந்த காலம். அறுபதுகளில் பதிவான எத்தனையோ நிகழ்ச்சிகளை அழித்துவிட்டு, அதே நாடாவில் வேறு நிகழ்ச்சியைப் பதிந்தது பிபிசி. எடுப்பது ஒரு வேலை, வைத்திருப்பது வேறொரு வேலை. இரண்டாவதற்கு யாரும் மாலை போடுவதில்லை. மாமா கேட்டது அதைத்தான்.

நம்மைக் காப்பாற்றியது வானொலி. சென்னை நிலையம் 1938இல், திருச்சி நிலையம் 1939இல். பொது இடத்தில் நடக்கும் கச்சேரியிலிருந்து நிலையத்துக்குத் தொலைபேசிக் கம்பி வழியாக ஒலியைக் கொண்டுபோய் அஞ்சல் செய்த காலம் அது. அறுபதுகளின் பெரிய வித்வான்கள் பலரின் குரல் இன்று நமக்குக் கேட்கிறதென்றால் அதற்கு ஆகாசவாணியும், வீட்டில் ஸ்பூல் ரெக்கார்டர் வைத்திருந்த சில ரசிகர்களுமே காரணம்.

மணலும் லென்ஸும்

திருவையாற்று நேரலை தொலைக்காட்சிக்காகவே பிறந்ததுபோல அமைந்துவிட்டது. ஐந்து கீர்த்தனை. நாட்டை, கௌளை, ஆரபி, வராளி, ஸ்ரீ. ஐந்தும் ஆதி தாளம். ஏறக்குறைய ஒரு மணி நேரத்தில் முடிந்துவிடும். நேரம் தெரியும், வரிசை தெரியும், யாரும் ராகத்தை இழுத்துக்கொண்டு போய்ச் செய்தி நேரத்தில் கை வைக்க மாட்டார்கள். சமாதிக்கு நேராக ஒரு பாதை. இருபுறமும் எதிரெதிரே கலைஞர்கள். கேமராவைச் சன்னதிப் பக்கம் நிறுத்தினால் இரண்டு வரிசையும் கிடைக்கும். இடையிடையே அபிஷேகம். தயாரிப்பாளருக்கு இதைவிட என்ன வேண்டும்?

இதில் எனக்குப் பிடித்தது முகங்கள். கச்சேரி மேடையில் ராஜாவாக உட்கார்ந்திருப்பவர் இங்கே நூற்றில் ஒருவராக, பக்கத்திலிருப்பவரின் முழங்கால் இடிக்க உட்கார்ந்திருப்பார். நாட்டையில் எல்லா வாயும் திறக்கும். வராளிக்கு வரும்போது சிலர் புத்தகத்தைப் புரட்டுவார்கள், சிலர் உதட்டை மட்டும் அசைப்பார்கள், ஒரு மூலையில் பெயர் தெரியாத ஓர் அம்மாள் கண்ணை மூடிக்கொண்டு ஒரு சங்கதி விடாமல் பாடுவார். கேமரா அந்த அம்மாளிடம் இரண்டு விநாடி நிற்கும், பிறகு பிரபலத்திடம் தாவிவிடும்.

அந்தத் தாவல்தான் விழாவையும் மாற்றியது. முன்வரிசையில் உட்கார்ந்தால் டிவியில் தெரியலாம் என்றானபின் முன்வரிசை நெருக்கடியானது. காவிரிக்கரையில் சுவாமிக்குச் செலுத்தும் அஞ்சலி, பார்க்கப்படுவதற்கான இடமாகவும் ஆகிப்போனது. இதைக் குறையாக மட்டும் நான் பார்க்கவில்லை. மூப்பனார் தலைமையிலும் குன்னக்குடியின் செயலாளர் பொறுப்பிலும் ஆராதனைச் சபை நடந்த அந்த ஆண்டுகளில், நேரலை இல்லாதிருந்தால் தர்மபுரிப் பக்கத்துக் குயவர் வீட்டில் ஆரபி ஒலித்திருக்காது. மாமா கடைசிவரை ராகப் பெயர் எதையும் கற்றுக்கொள்ளவில்லை. ஆனால் தை பிறந்தால், "அந்த மணல்ல உக்காந்து பாடுவாங்களே, எப்ப?" என்று கேட்பார். 2006க்குப் பிறகு அரசு இலவசக் கலர் டிவி கொடுத்து அது வீட்டுக்கே வந்ததும், விபூதிக்கும் குங்குமத்துக்கும் வித்தியாசம் தெரிந்தது.

இசையே தெரியாத ஒருவரின் நாட்காட்டியில் திருவையாற்றை எழுதியது தூர்தர்ஷன். தனியார் சேனல்கள் எத்தனை வந்தாலும், மார்கழிக் கச்சேரிகளை எவ்வளவு பளபளப்பாக எடுத்தாலும், இந்தக் காரியத்தை அவை செய்ததாக எனக்குத் தோன்றவில்லை.

இன்னொரு திரை

மாமாவின் சொந்தத் திருவிழா அதுவல்ல. அவருடையது பாரதம்.

தர்மபுரி மாவட்டத்தில் திரௌபதி அம்மன் கோயில் இருக்கும் ஊர்களில் பாரதம் வைப்பார்கள். பதினெட்டு நாள் வரை போகும். பகலில் பிரசங்கி வில்லிபாரதம் வாசித்துப் பொருள் சொல்வார். இரவில் அதே கதை கூத்தாக எழும். ஆர்மோனியம், மிருதங்கம், தாளம், எல்லாவற்றுக்கும் மேலே காதைத் துளைத்து நெஞ்சுக்கு இறங்கும் முகவீணை. இரவு பத்து மணிக்குக் கட்டியங்காரன் வந்தால், வெள்ளி முளைக்கும்வரை ஒருவரும் எழ மாட்டார்கள். துகிலுரிதல், அர்ச்சுனன் தபசு, கர்ண மோட்சம் என்று நகர்ந்து, கடைசி நாள் படுகளம். மண்ணைக் குழைத்துத் துரியோதனனைப் பிரம்மாண்டமாகப் படுக்க வைப்பார்கள். மண்வேலை அல்லவா, மாமாவும் கூடமாட நிற்பார். அந்த உருவத்தின் தொடையில் அடி விழும்போது, அதைக் குழைத்த கைகளையே கட்டிக்கொண்டு அழுவார்.

இதற்கும் திரை உண்டு. வேஷக்காரர் நேரே வந்துவிட மாட்டார். இரண்டு பேர் ஒரு துணியைப் பிடிக்க, அதன் பின்னால் நின்று விருத்தம் பாடுவார். சலங்கை மட்டும் கேட்கும். துணிக்கு மேலே கிரீடத்தின் நுனி தெரியும். கல்யாண முருங்கைக் கட்டையில் செய்து கண்ணாடித் துண்டு பதித்த கிரீடம், புஜகீர்த்தி. துணி விலகும் அந்தக் கணத்துக்காகச் சனம் மூச்சைப் பிடித்துக்கொண்டிருக்கும். சினிமாவுக்கும் டிவிக்கும் 'திரை' என்று பெயர் வைத்தபோது, யாருக்காவது இந்தத் துணி நினைவில் இருந்திருக்குமா?

பதினெட்டு நாள், இரவு முழுக்க, பாட்டும் ஆட்டமுமாக நடக்கும் விழாவை இசை விழா என்று சொல்லாமல் வேறென்ன சொல்வது? ஆனாலும் கேமரா இதற்கு வந்த விதம் வேறு. தூர்தர்ஷன் நாட்டுப்புறக் கலைகளைக் காட்டவே இல்லை என்று சொன்னால் அது அபாண்டம். காட்டியது. ஆனால் ஸ்டுடியோவுக்கு வரவழைத்து, கையளவு நேரத்துக்குக் கத்தரித்து, சுத்தமான வெளிச்சத்தில் காட்டியது. விடிய விடிய நடப்பதைத் துண்டாக்கினால் கிடைப்பது கூத்தல்ல. கூத்தின் மாதிரித் துணி. நடுநிசியில் குழந்தைகள் மடியில் தூங்கிவிட்ட பிறகு, நடிகரின் தொண்டை கட்டிய பிறகு, அந்தக் கரகரப்போடு கர்ணன் தாயிடம் பேசுகிற குரல் இருக்கிறதே, அது நிலையத்துக் குளிர்பதன அறையில் மாலை நாலு மணிக்கு வராது.

எடுப்பது சிரமம்தான். பஞ்சரத்தினத்தைப் போல ஒரு மணி நேரத்தில் அடங்காது. நடிகர் களத்தைச் சுற்றிக்கொண்டே இருப்பார். சனம் நாலு பக்கமும் இருக்கும். கேமராவை எங்கே வைத்தாலும் யாராவது ஒருவரை மறைக்கும். குழாய் ஒலிபெருக்கி எல்லா ஒலியையும் நசுக்கித் தகரமாக்கிவிடும். முகவீணைக்கும் மிருதங்கத்துக்கும் தனித்தனி மைக் கொடுத்து, பார்வையாளரின் அழுகையையும் பிடிக்க வேண்டும். கிரிக்கெட்டுக்கு ஐந்து நாள் கேமரா நிறுத்தத் தெரிந்த நாட்டில் இது முடியாததல்ல.

ஆனால் இன்று அதைச் செய்கிறவர்கள் ஊர்ப் பிள்ளைகள். தர்மபுரிப் பக்கத்துக் கூத்துகள் இன்று யூடியூபில் மணிக்கணக்கில் கிடைக்கின்றன. கல்யாண வீடியோ எடுக்கிறவர்களும் கைப்பேசி வைத்திருப்பவர்களும் எடுத்தவை. நிலை தடுமாறும் படம், கரகரக்கும் ஒலி, குறுக்கே போகும் தலை. ஆனாலும் இரவு முழுவதும் இருக்கிறது. வளைகுடாவிலும் திருப்பூரிலும் பெங்களூருவிலும் பிழைக்கப் போன ஊர்க்காரர்கள் கீழே தங்கள் ஊர்ப் பெயரை எழுதி வைக்கிறார்கள். அந்தப் பெயர்களை வாசிப்பதே எனக்கு ஒரு கூத்து பார்த்த நிறைவு.

தொலைத்த மண்

பதிவைத் தொலைப்பது எப்படியிருக்கும் என்பது இந்த மண்ணுக்குத் தெரியும். தர்மபுரியின் பழைய பெயர் தகடூர். அதியமான் நெடுமான் அஞ்சியின் ஊர். அவன் அவைக்குப் பாணரும் விறலியரும் வந்தார்கள். ஔவையார் தங்கிப் பாடினார். நெல்லிக்கனிக் கதையை நெடுஞ்சாலையோரத்து அதியமான் கோட்டத்தில் இன்றும் பிள்ளைகள் பார்த்துப் போகிறார்கள். சேரன் பெருஞ்சேரல் இரும்பொறை படையெடுத்து வந்து தகடூரை அழித்த போரைப் பாட 'தகடூர் யாத்திரை' என்றொரு நூல் இருந்தது. இப்போது இல்லை. புறத்திரட்டு போன்ற தொகுப்புகளில் சிக்கிய சில பாடல்கள் மட்டும் மிஞ்சியிருக்கின்றன. ஒரு முழுப் போரின் கதை, வேறு யாரோ மேற்கோளுக்கு எடுத்துவைத்த சில துண்டுகளாகச் சுருங்கிவிட்டது.

அதியமான்கோட்டையிலேயே சென்னராயப் பெருமாள் கோயில் இருக்கிறது. அதன் மண்டபக் கூரையில் இராமாயண, மகாபாரத ஓவியங்கள். கழுத்து வலிக்க அண்ணாந்து பார்த்தால் தேரும் வில்லும் முகங்களும் தெரிகின்றன. பல இடங்களில் வண்ணம் உதிர்ந்து சுண்ணாம்பு தெரிகிறது. பாரதத்தை ஒருவர் கூரையில் எழுதி வைத்திருக்கிறார்; கீழே வெளியில் சனங்கள் அதையே விடிய விடிய ஆடுகிறார்கள்.

2024 ஜனவரியில் தூர்தர்ஷனின் பொதிகை, டிடி தமிழ் என்ற பெயரில் புதுப் பொலிவு பெற்றது. அந்த அலைவரிசைக்கு என் வேண்டுகோள் பெரிதல்ல. ஆண்டுக்கு ஒரே ஒரு ஊர். அந்த ஊரின் பாரதம் முழுவதும், பகல் வாசிப்பும் இரவுக் கூத்தும் படுகளமும், வெட்டாமல். திருவையாற்றுக்குப் போகும் வண்டியை ஒருமுறை ஒகேனக்கல் பக்கம் திருப்புங்கள். எடுத்ததில் ஒரு பிரதி தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகத்துக்கு, ஒன்று சென்னை ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்துக்கு, ஒன்று அந்த ஊர்ப் பள்ளிக்கூடத்துக்கு. மூன்று இடத்தில் இருந்தால் ஒன்று தப்பும். முகவீணை ஊதத் தெரிந்தவர்கள் குறைந்துகொண்டே வருகிறார்கள். ஆர்மோனியம் போய் கீபோர்டு வந்துவிட்ட ஜமாக்கள் உண்டு. இன்னும் பத்து வருடம் பொறுத்து எடுத்தால் வேறொன்றைத்தான் எடுப்போம்.

இந்தத் தையில் அதியமான்கோட்டைக்குப் போனபோது மாமா இல்லை. அவர் சக்கரம் திண்ணையில் சாய்ந்திருந்தது. அந்தப் பக்கத்துக் கூத்துகளை வருடக்கணக்காகப் படமெடுத்துவரும் ஒருவரின் கடைக்குப் போனேன். மேசை இழுப்பறையைத் திறந்து காட்டினார். டிவிடிகளும் ஹார்டு டிஸ்குகளும், பழைய கல்யாண ஆல்பங்களுக்கு நடுவே. ஒவ்வொன்றின் மேலும் ஊர்ப் பெயர், வருடம், கதையின் பெயர், பேனாவால் எழுதி செலோடேப் ஒட்டியிருந்தது. மாமா மண் குழைத்த படுகளம் ஒன்று அதில் இருக்கும் என்று தேடி எடுத்தார். கணினியில் சொருகினார். உள்ளே ஏதோ சுழலும் சத்தம் கேட்டது, நின்றது. எடுத்து, கம்பியைத் துடைத்து, மறுபடி சொருகினார். நானும் அவரும் திரையைப் பார்த்துக்கொண்டு நின்றோம்.